கட்டிலுக்கு வரும் சிலந்தி, வராத சிலந்தி

பெயிண்டருக்குப் பெற்றோர் வைத்த நல்ல பெயர் ஒன்று உண்டு. அதைச் சொல்லி யாரும் கூப்பிட்டதில்லை. சுவரும் கூரையும் சேருகிற இடத்தில் டேப் ஒட்டாமல், அளவுகோல் வைக்காமல், வெறும் பிரஷ்ஷால் நூல் பிடித்த மாதிரி கோடு இழுப்பார். ஆரம்பத்தில் 'பிசிறில்லாமல் அடிக்கிற பெயிண்டர்' என்றார்கள். அவ்வளவு நீளமாகச் சொல்ல யாருக்கும் பொறுமை இல்லாததால் அது 'பிசிறு பெயிண்டர்' என்று குறுகி, கடைசியில் 'பிசிறு' என்று நின்றுவிட்டது. புதிதாக வீடு கட்டியவர்களில் சிலர், பிசிறு என்று பெயர் வாங்கியவரிடமா வீட்டைக் கொடுப்பது என்று யோசித்து வேறு ஆள் தேடிப் போனதும் உண்டு. அவர் அதற்கெல்லாம் விளக்கம் சொல்லிக்கொண்டிருக்கவில்லை.

ஆள் வாட்டசாட்டம். சுவரைச் சமப்படுத்தப் பூசும் பட்டி மாவு மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு மூச்சு வாங்காமல் மாடி ஏறுவார். நாய்க்குப் பயப்பட மாட்டார். உயரத்துக்குப் பயப்பட மாட்டார். காசு தராமல் இழுத்தடிக்கும் வீட்டுக்காரர்களுக்கும் பயப்பட மாட்டார். எட்டுக்கால் பூச்சியைக் கண்டால் மட்டும் அவர் உடம்பு அவர் பேச்சைக் கேட்காது. கழுத்துக்குப் பின்னால் ஒரு குளிர் கிளம்பி முழங்காலில் போய் உட்கார்ந்துகொள்ளும். சின்னது, பெரியது என்ற பேதமெல்லாம் கிடையாது. மிளகளவு இருந்தாலும் அதே குளிர்தான்.

அவர் பார்க்கிற தொழிலில் இது பெரிய சங்கடம். எந்த வீட்டிலும் முதல் நாள் முதல் வேலை ஒட்டடை அடிப்பதுதான். அதன் பிறகுதான் உப்புத்தாள், பட்டி, ப்ரைமர் எல்லாம். இந்தச் சங்கடத்தை அவர் சத்தமில்லாமல் ஓர் ஏற்பாட்டின் மூலம் சமாளித்து வந்தார். மனைவியின் தம்பி அவரோடு வேலைக்கு வந்துகொண்டிருந்தான். வேலை தொடங்கும் நாளில் பிசிறு வாசலிலேயே டப்பாக்களைப் பரப்பிவைத்து உட்கார்ந்துவிடுவார். நிறம் கலக்க வேண்டும் என்பார். வெள்ளை அடிக்கிற வீடாக இருந்தாலும் நிறம் கலக்க வேண்டும் என்பார். மச்சினன் ஒட்டடைக் கம்பை எடுத்துக்கொண்டு உள்ளே போய் ஒவ்வொரு அறையாக அடித்துக் கூட்டி அள்ளிக்கொண்டு வெளியே வந்து, "முடிஞ்சுது, மாமா" என்பான். பிசிறு எழுந்து உள்ளே போவார்.

பல வருஷம் இப்படியே ஓடியது. பிறகு மச்சினனுக்குத் துறைமுகத்தில் கப்பல் பெயிண்ட் அடிக்கும் வேலை கிடைத்தது. நிரந்தர வேலை, தங்க இடமும் உண்டு. கிளம்புகிற அன்று பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வாசலில் நின்றபடி சொன்னான்.

"மாமா, வேற ஒரு ஆள் வெச்சுக்கோங்க."

"எதுக்கு?"

"ஒட்டடைக்கு."

"அது ஒரு வேலைன்னு அதுக்கு ஒரு ஆளா? நானே பாத்துக்கறேன்."

மச்சினன் ஒட்டடைக் கம்பை எடுத்து அவர் பக்கத்தில் சாத்தி வைத்தான். பிறகு பேருந்துக்கு நேரமாகிவிட்டது என்று போய்விட்டான்.

அடுத்து வந்த வேலை மாடி வீட்டு அம்மாவுடையது. தனியாக இருப்பவர், வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், குரலை உயர்த்தாமல் பேசுகிறவர். அந்த வீட்டில் பிசிறு ஒட்டடைக் கம்பைக் கையை முழுசாக நீட்டிப் பிடித்து, முகத்தைத் திருப்பிக்கொண்டு, துண்டால் தலையை மூடிக்கொண்டு மூலைகளை அடித்து முடித்தார். மாடி வீட்டு அம்மா, "தூசி ஒத்துக்காதா?" என்று கேட்டார். ஆமாம் என்றார். அதுவரை நல்லபடியாகத்தான் போயிற்று.

படுக்கையறையில் திரைச்சீலைக் கம்பியைக் கழற்ற ஏணியில் ஏறினார். கம்பியை மறைத்திருந்த பலகைக்குப் பின்னால் கையை விட்டார். உள்ளங்கை அகலத்துக்கு ஒன்று, தட்டையாக, பழுப்பாக, அவசரமே இல்லாமல் அவர் மணிக்கட்டின் மேல் ஏறி, எந்தப் பக்கம் போகலாம் என்று நின்றது.

பிசிறு ஏணியைப் பயன்படுத்தாமல் இறங்கினார்.

கீழே கிடந்தபோது காலில் முழங்காலுக்குக் கீழே இன்னொரு மடிப்பு விழுந்திருந்தது. மாடி வீட்டு அம்மா வாசற்படியில் தேநீர்க் கோப்பையோடு நின்றிருந்தார். "ஏணி வழுக்கிடுச்சு" என்றார் பிசிறு. மாடி வீட்டு அம்மா ஏணியைப் பார்த்தார். அது நிறுத்தின இடத்தில் நிறுத்தினபடி நின்றிருந்தது. பிறகு ஆம்புலன்ஸுக்குப் போன் செய்தார்.

முழங்காலுக்கு மேல்வரை மாவுக்கட்டுப் போட்டு அனுப்பினார்கள். காலை ஊன்றக்கூடாது, கட்டிலைவிட்டுத் தேவையில்லாமல் இறங்கக்கூடாது என்றார்கள். கட்டிலை முன்னறைக்கு இழுத்துப் போட்டார்கள். மனைவிக்கு மருந்துக்கடையில் வேலை. காலையில் தண்ணீர், சாப்பாடு, போன் எல்லாவற்றையும் கைக்கெட்டும் தூரத்தில் வைத்துவிட்டுப் போனால் பொழுது சாய்ந்துதான் வருவாள். பிள்ளைகள் இல்லாத வீடு. பிசிறு மல்லாந்து படுத்தபடி, தன் வீட்டுக் கூரையை வாழ்க்கையில் முதன்முறையாக நிதானமாகப் பார்த்தார்.

பெயிண்டர் வீட்டுக்குப் பெயிண்ட் அடிக்க ஆள் கிடைப்பதில்லை. ஊரெல்லாம் அடித்துவிட்டு வருகிறவருக்கு வீட்டுச் சுவர் கண்ணில் படுவதே இல்லை. இப்போது பட்டது. நான்கு மூலைகளில் மூன்றில் ஆள் இருந்தது. நான்காவதில் இருந்தவர் காலி செய்துவிட்டுப் போன அடையாளம் தெரிந்தது. கடிகாரத்துக்குப் பின்னாலிருந்து இரண்டு நீளமான கால்கள் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன. அதைப் பார்த்ததும் குளிர் கிளம்பியது. முழங்காலுக்கு இறங்கப் போய், அங்கே மாவுக்கட்டு இருந்ததால் எங்கே போவதென்று தெரியாமல் வயிற்றிலேயே தங்கிவிட்டது.

மனைவி வந்ததும் கேட்டார். "கடிகாரத்துக்குப் பின்னாடி என்னமோ இருக்கு, பாத்தியா?"

"அதுவா? அது அங்கதாங்க இருக்கும். ரொம்ப நாளா இருக்கு."

"ரொம்ப நாளான்னா?"

"கரப்பான் தொல்லை குறைஞ்சதுலேர்ந்து. நீங்க வர்ற நேரமாச்சுன்னா பக்கத்துக் காலண்டரைத் தட்டுவேன், கடிகாரத்துக்குப் பின்னாடி போயிடும். இப்ப நீங்க நாள் பூரா வீட்டுல இருக்கீங்க, நான் எத்தனை தடவை தட்டறது?"

"அடிச்சுடு."

"அதையா? அது என்ன பண்ணுச்சு?"

 அது ஒன்றும் பண்ணவில்லைதான். கால் ஒடிந்தது வேறு ஒன்றினால்.

மறுநாள் வேறு வழியில்லாமல் பார்த்துக்கொண்டிருந்தார். கண்ணை மூடினால் அது எங்கே போயிற்று என்று தெரியாமல் போகும். அதைவிடப் பார்த்துக்கொண்டிருப்பது மேல். அப்போது அவருக்குத் தெரிய வேண்டியிருந்தது ஒன்றே ஒன்று. இது கட்டிலுக்கு வருமா, வராதா? சிலந்திகளைப் பற்றிய அவருடைய படிப்பு இந்தக் கேள்வியில்தான் தொடங்கியது.

போனில் படம் எடுத்து மச்சினனுக்கு அனுப்பினார். சரியாக விழுந்திருக்கிறதா என்று படத்தைப் பெரிதாக்கிப் பார்த்ததுதான் தவறாகிவிட்டது. போன் கையிலிருந்து பறந்து கட்டிலுக்கு அடியில் போய் விழுந்தது. மனைவி வருகிறவரை மச்சினனின் அழைப்புகள் கட்டிலுக்கு அடியிலிருந்தே வந்துகொண்டிருந்தன.

பிறகு மச்சினன் போனில் குரலைப் பதிவு செய்து அனுப்ப ஆரம்பித்தான். சாப்பாட்டு இடைவேளையில் சுத்தியல் சத்தத்துக்கு நடுவே குரல் வரும்.

"மாமா, மூலையில தலைகீழாத் தொங்குதே, குச்சிக்காலு, அதை ஊதிப் பாருங்க. உடம்பை ஆட்டும். நடுங்கற மாதிரி. அவ்வளவுதான் அதுக்குத் தெரிஞ்ச வித்தை. அது மூலையை விட்டு வராது."

அவ்வளவு தூரம் ஊத முடியாததால் மனைவியை விட்டு ஒட்டடைக் கம்பின் நுனியால் லேசாகத் தொடச் சொன்னார். தொட்டதும் அது கிடுகிடுவென்று ஆடியது. ஆட்டம் வேகமெடுக்க உடம்பே மங்கலாகிப்போயிற்று. பயத்தில் ஆடுகிறதா, பயமுறுத்த ஆடுகிறதா என்று அவருக்குப் புரியவில்லை. எப்படிப் பார்த்தாலும் அதன் நிலைமை அவருக்குப் புதிதாக இல்லை. மூன்று மூலைகளிலும் இருந்தது அதே வகைதான். 'நடுங்கி' என்று பெயர் வைத்தார். வீட்டில் ஒட்டடை என்று நாம் அடிப்பதில் பெரும்பாதி இதன் கைங்கரியம் என்று அவருக்கு அப்போதுதான் தெரிந்தது. ஒன்று வாயில் வெள்ளையாக ஏதோ உருண்டையைக் கவ்விக்கொண்டிருந்தது. இரை என்று நினைத்தார். நாள் கணக்கில் தின்னாமல் வைத்திருந்ததால் படம் எடுத்து அனுப்பினார். இந்த முறை பெரிதாக்கவில்லை.

"முட்டை, மாமா. வாயிலயே தூக்கிட்டுத் திரியும். பொரியற வரைக்கும் சாப்பாடு கூட கஷ்டம்தான்."

கடிகாரத்துக்குப் பின்னால் இருப்பதற்கு மனைவி ஏற்கெனவே பெயர் வைத்திருந்தாள். 'பெரியப்பா'. தட்டையான உடம்பு, நண்டு மாதிரிப் பக்கவாட்டில் விரித்த கால்கள், முகத்தில் வெள்ளையாக ஒரு பட்டை. வலை கட்டாது. பகலெல்லாம் சுவரோடு ஒட்டிக்கொண்டு எந்த வேலையும் செய்யாமல் இருக்கும், ஆனால் அறையில் இருப்பவர்கள் எல்லாரும் அதை மனதில் வைத்துக்கொண்டுதான் நடமாடுவார்கள். பெயர் பொருத்தம்தான் என்று பிசிறு ஒப்புக்கொண்டார். அது கட்டிலுக்கு வருமா என்ற கேள்விக்கு மச்சினன் கொஞ்சம் யோசித்துவிட்டுச் சொன்னான். "கட்டில்ல கரப்பான் இருந்தா வரும்."

அன்றிலிருந்து பிசிறு கட்டிலில் வைத்து ரொட்டி சாப்பிடுவதை நிறுத்தினார்.

கட்டிலுக்கு நிஜமாகவே வந்தது மூன்றாவது வகை. ஜன்னல் கட்டையில் வெயில் விழும் நேரத்தில் சின்னதாக, கறுப்பில் வெள்ளைக் கோடு போட்டு, ஒன்று உலாவிக்கொண்டிருக்கும். விரல் நக அளவுதான். அதுவும் வலை கட்டாது. இரண்டடி நடக்கும், நிற்கும், திரும்பிப் பார்க்கும். மற்றச் சிலந்திகள் பார்க்கின்றனவா என்றே சொல்ல முடியாது. இது பார்த்தது. வண்டியின் முன்விளக்கு மாதிரி முகத்தில் இரண்டு பெரிய கண்கள். பிசிறு தலையைச் சாய்த்தால் அதுவும் திரும்பி அவரை நேருக்கு நேர் பார்க்கும்.

ஒருநாள் மத்தியானம் ஓர் ஈ வந்து மாவுக்கட்டின் மேல், முழங்கால் இருக்கும் இடத்தில் உட்கார்ந்தது. ஜன்னல் கட்டையில் இருந்தது அதைப் பார்த்துவிட்டது. கட்டையிலிருந்து கட்டிலின் விளிம்புக்கு ஒரு தாவல். பிசிறுக்குக் கத்த வேண்டும் போலிருந்தது. கேட்க ஆள் இல்லை. எழுந்து ஓட வேண்டும் போலிருந்தது. கால் இல்லை. விரிப்பின் மேல் அது நடந்து வந்தது. கட்டை விரலுக்கு அருகே மாவுக்கட்டில் ஏறியது. கையால் தலையணையைப் பிடித்தபடி கிடந்தார். ஈயின் பின்பக்கமாக வந்து, பம்மி நின்றது. வயிற்றின் நுனியை மாவுக்கட்டில் ஒருமுறை ஒற்றியது. அவர் சாரத்தில் ஏறும் முன் கயிற்றைக் கட்டி இழுத்துப் பார்ப்பது போல. அப்புறம் பாய்ந்தது.

ஈ பிடிபட்டது. இரண்டும் சேர்ந்து மாவுக்கட்டின் ஓரத்தில் வழுக்கி விழுந்து, ஒரு நூலில் அந்தரத்தில் தொங்கின. அந்த நூலைத்தான் அது முன்பே ஒட்டவைத்திருந்தது. வாயில் ஈயோடு நூலைப் பிடித்து ஏறி மறுபடி மாவுக்கட்டின் மேல் வந்து நின்று, அவரைப் பார்த்தது. இதற்குத் 'தாவி' என்று பெயர் வைத்தார்.

"ஆளு பாதுகாப்பாத்தான் வேலை பாக்குது" என்று அன்று சாயங்காலம் மனைவியிடம் சொன்னார். "கயிறு கட்டிட்டுத்தான் குதிக்குது."

"நீங்க கட்டியிருந்தீங்களா?"

"எங்க?"

"மாடி வீட்டுல."

"அது ஏணி வழுக்கினது" என்றார்.

மனைவி தேநீரை ஆற்றிக் கொடுத்துவிட்டு உள்ளே போனாள்.

அந்த வார இறுதியில் மாடி வீட்டு அம்மா பழப்பையோடு பார்க்க வந்தார். மனைவி நாற்காலியைத் துடைத்துப் போட்டாள். கால் எப்படி இருக்கிறது, வலி உண்டா என்றெல்லாம் விசாரித்தார். பிறகு அதே குரலில், "அந்தச் சிலந்தி இன்னும் அங்கேதான் இருக்கு. பலகைக்குப் பின்னாலேயே. நீங்க வந்து சொல்ற வரைக்கும் தொடக்கூடாதுன்னு விட்டுட்டேன்" என்றார்.

 கடிகாரத்துக்குப் பின்னாலிருந்து பெரியப்பா ஒரு காலை நீட்டினார்.

"எந்தச் சிலந்தி?" என்றார் பிசிறு.

"உங்க கையில ஏறினது. நீங்க 'அம்மா'ன்னு கூப்பிட்டுட்டுக் குதிச்சீங்க. தேநீரோட வாசற்படியில நின்னுட்டிருந்தேன், என்னைத்தான் கூப்பிடறீங்கன்னு நெனச்சேன்."

பிசிறு மனைவியின் முகத்தைப் பார்த்தார். அதில் ஆச்சரியம் எதுவும் தென்படவில்லை. மாடி வீட்டு அம்மா போன பிறகு, பழங்களைக் கழுவிக்கொண்டிருந்தவளிடம் கேட்டார்.

"உனக்குத் தெரியுமா?"

"எது, உங்களுக்குப் பயம்னா? கல்யாணம் ஆன மறுநாளே தெரியும். குளிக்கப் போனவர் சோப்போட வெளியே வந்து தண்ணி வரலைன்னு சொன்னீங்க. நான் போய்ப் பாத்தேன். தண்ணி வந்துச்சு. குழாய் மேல ஒரு எட்டுக்கால் பூச்சி உக்காந்திருந்துச்சு."

"சொல்லவே இல்லையே."

"நீங்க தண்ணி வரலைன்னு சொல்லும்போது நான் என்ன சொல்றது?"

குரலைத் தாழ்த்திக் கேட்டார். "உன் தம்பிக்கு?"

 அவள் போனை எடுத்துக் கையில் கொடுத்தாள்.

மச்சினன் எடுத்ததும் பிசிறு கால் வலியைப் பற்றிப் பேசினார். துறைமுகத்தில் சாப்பாடு எப்படி என்று கேட்டார். பேச்சு தீர்ந்துபோன பிறகுதான் விஷயத்துக்கு வந்தார்.

"மாப்ள, உனக்கு எப்ப தெரியும்?"

மச்சினன் எது என்று கேட்கவில்லை. "ஒரு ஸ்கூலுக்கு வெள்ளை அடிச்சோமே, அப்பவே, மாமா. வெள்ளையில வெள்ளையை ஊத்தி அரை நாள் கலக்கிட்டு இருந்தீங்க."

"ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே."

"என்னன்னு கேக்கறது? முதல் வருஷத்துக்கப்புறம் நீங்க என்னை ரெண்டாவது மாடிக்கு மேல சாரத்துல ஏத்தினதே இல்ல. கீழ ஜன்னல் இருக்கு, கேட் இருக்குன்னு ஏதாவது ஒரு வேலை குடுத்துடுவீங்க. நான் எப்பவாவது ஏன்னு கேட்டேனா?"

பிசிறு கூரையைப் பார்த்தார். மச்சினன் முதல் வருஷம் மூன்றாவது மாடிச் சாரத்தில் கம்பத்தைக் கட்டிப் பிடித்தபடி நின்றதும், முகம் சுண்ணாம்பு மாதிரி வெளுத்ததும், தான் மேலே போய் ஒன்றும் பேசாமல் அவன் கையைப் பிடித்து இறக்கி வந்ததும் நினைவுக்கு வந்தன. அதைத் தான் மட்டும்தான் மனதில் வைத்திருப்பதாக நினைத்துக்கொண்டிருந்தார்.

"அங்க உன்னைக் கயித்துல தொங்க விடறாங்களா?"

"இல்ல மாமா. கப்பலுக்கு உள்ள அடிக்கிற வேலையாக் கேட்டு வாங்கிட்டேன். சரக்கு அறைக்குள்ள. தரையோட தரையா."

"அங்க ஒட்டடை இருக்குமே."

"நிறைய இருக்கு" என்றான். குரலில் ஒரு சந்தோஷம் தெரிந்தது.

போனை வைத்த பிறகு பிசிறு மூலையில் தொங்கிய நடுங்கிகளை மறுபடி எண்ணிப் பார்த்தார்.  மனைவி பழத்தை நறுக்கிக் கொடுத்தாள். முதல் துண்டை எடுத்து அவளிடமே நீட்டினார்.

பெரிய கட்டைப் பிரித்துச் சின்னக் கட்டுப் போட்ட பிறகு, கக்கத்தில் ஊன்றுகோல் கொடுத்து வீட்டுக்குப் பின்னால் இருந்த தோட்டம்வரை போக அனுமதி கிடைத்தது. அங்கே வேறு ஆட்கள் இருந்தார்கள். வேலிச் செடிக்கும் துணி காயப்போடும் கம்பிக்கும் நடுவே சக்கரம் மாதிரி ஒரு வலை. நடுவில் மஞ்சள் பட்டை போட்ட ஒன்று, எட்டுக் கால்களை இரண்டிரண்டாகச் சேர்த்து, பெருக்கல் குறி போட்டு உட்கார்ந்திருந்தது. வலையில் தடிமனான வெள்ளை நூலால் கோணல் மாணலாக ஏதோ இழுத்திருந்தது. நிறைய நேரம் நின்று அந்தக் கோட்டைப் பார்த்தார்.

"பிசிறு" என்றார் கடைசியில்.

"உங்களையேவா கூப்பிட்டுக்கறீங்க?" என்றாள் மனைவி, துணியை உதறியபடி.

"அந்தக் கோடு. பிசிறா இருக்கு. ஆனா வலையைப் பாரு, ஒரு இழை கூடத் தப்பலை."

கீழே செங்கல் ஓரத்தில் சாம்பல் நிறத்தில் ஒன்று ஓடியது. முதுகு மட்டும் தடித்து, சொரசொரவென்றிருந்தது. மனைவி குனிந்து பார்த்து, முதுகில் இருப்பது எல்லாம் குட்டி என்றாள். தாய் எங்கே போனாலும் குட்டிகள் அத்தனையும் முதுகில் தொற்றிக்கொண்டிருந்தன. ஒன்றைக் கண்டாலே குளிர் எடுக்கும் ஆள், அத்தனையையும் ஒரே பார்வையில் பார்த்துவிட்டு, ஊன்றுகோலை அது போகும் வழியிலிருந்து கொஞ்சம் நகர்த்தி வைத்தார். குளிர் எடுக்காமல் இல்லை. எடுத்தது. குளிர் பாட்டுக்குக் குளிர் இருந்தது, அவர் பாட்டுக்கு அவர் நின்றார்.

கால் சரியாகி மறுபடி வேலைக்குப் போனார். மாடி வீட்டில் பலகையைத் தட்டிவிட்டுத்தான் கை வைத்தார். சிலந்தி வெளியே வந்ததும், அகலமான பிளாஸ்டிக் டப்பாவைக் கவிழ்த்து, அடியில் அட்டையைச் செருகினார். டப்பா சுவரில் தாளம் போட்டது. மாடி வீட்டு அம்மா ஜன்னல் பக்கம் திரும்பி நின்றுகொண்டார். டப்பாவைப் பின்பக்கச் சுவருக்குக் கொண்டுபோய்த் திறந்துவிட்டு வந்து, வாளித் தண்ணீரில் கையை முழங்கைவரை கழுவிக்கொண்டார். ஒட்டடை அடிப்பதை இப்போது அவரேதான் செய்கிறார். துண்டு மட்டும் தலையில் இருக்கும். தூசி ஒத்துக்கொள்வதில்லை என்று சொல்வதை விட்டுவிட்டார்.

எப்படியோ சேதி பரவியது. வீட்டில் சிலந்தியைக் கண்டால் ஜனங்கள் அவருக்குப் போன் செய்தார்கள். படம் அனுப்பினார்கள். அவர் பெரிதாக்காமல் பார்த்துவிட்டு, நடுங்கி, தாவி, பெரியப்பா என்று சொல்லுவார். எது மூலையை விட்டு நகராது, எது கரப்பானுக்காக வந்தது, எதைத் தோட்டத்தில் விட வேண்டும் என்று சொல்லுவார். தெரியாததைத் தெரியாது என்று சொல்லி, கை வைக்காதீங்க என்பார்.

மருந்துக்கடை முதலாளி வீட்டிலிருந்து ஒருநாள் அவசரமாக அழைப்பு வந்தது. சமையலறையில் பெரிய சிலந்தி, குளிர்சாதனப் பெட்டிக்கு அடியில். பிசிறும் மனைவியும் போனபோது முதலாளி நாற்காலி மேல் நின்றுகொண்டிருந்தார். முதலாளியம்மா துடைப்பத்தோடு கதவோரம் நின்றார். பிசிறு தரையில் உட்கார்ந்து, குனிந்து, தள்ளி இருந்தபடியே பார்த்தார்.

"காலை மடக்கி வெச்சிருக்கு" என்றார். "கூச்ச சுபாவம். வலை கட்டற வகை இல்ல. யாரும் சத்தம் போடாதீங்க. ஒண்ணும் பண்ணாது."

"கடிக்குமா?" என்றார் நாற்காலியில் இருந்தவர்.

"நாம தொந்தரவு பண்ணாத வரைக்கும் அது நகரவே நகராது."

முதலாளியம்மாவுக்குப் பொறுமை போய்விட்டது. துடைப்பத்தை அடியில் விட்டு ஒரு இழுப்பு இழுத்தார். அறை நடுவுக்கு வந்து நின்றது காய்ந்துபோன தக்காளிக் காம்பு. அதில் ஐந்தாறு கால்கள் அழகாக மடங்கியிருந்தன.

எல்லாரும் அதைப் பார்த்தார்கள். பிசிறும் பார்த்தார்.

"நான்தான் சொன்னேனே, ஒண்ணும் பண்ணாதுன்னு" என்றார்.

முதலாளி நாற்காலியிலிருந்து இறங்கி நன்றி சொன்னார். முதலாளியம்மா தேநீர் போட்டார். திரும்பி வரும் வழியில் மனைவி கேட்டாள்.

"தக்காளிக் காம்புன்னு தெரியலையா உங்களுக்கு?"

"தள்ளி இருந்து பாத்தேன், சரியாத் தெரியலை."

"ஏன் தள்ளி இருந்து பாத்தீங்க?"

பிசிறு நடையைக் கொஞ்சம் எட்டிப் போட்டார். கால் இப்போது நன்றாகத்தான் இருந்தது.